அப்பாவை ஒயின் ஷாப்புக்குக் கூட்டிப் போன கதை

நாள் 1

மதுரையிலிருந்து சிங்கப்பூர், அங்கிருந்து ஆஸ்திரேலியாவின் அடிலெய்ட். இறங்குவதற்கு முன் விமானத்தில் ஓர் அட்டை கொடுத்தார்கள். ஆமாம், இல்லை என்று கட்டம் கட்டமாக டிக் அடிக்க வேண்டும். அதில் ஒரு கேள்வி, கடந்த 30 நாளில் பண்ணை எதற்காவது போயிருக்கிறீர்களா என்பது. நான் தமிழில் சொன்னதும் அப்பா சிரித்துவிட்டார். "போகாத நாள் எதுன்னு கேக்கச் சொல்லு."

சுருளிப்பட்டியில் எங்களுக்கு இரண்டு ஏக்கர் பன்னீர் திராட்சை இருக்கிறது. கிளம்புகிற அன்று காலையில்கூடப் பந்தலுக்கடியில் ஒரு சுற்று சுற்றிவிட்டுத்தான் காரில் ஏறினார். உண்மையைச் சொல்லி 'ஆமாம்' என்று டிக் அடித்தோம். விமான நிலையத்தில் எங்களைத் தனி வரிசைக்கு அனுப்பினார்கள். அங்கே இருந்த அதிகாரி அப்பாவின் தோல் செருப்பை வாங்கித் திருப்பிப் பார்த்தார். அடியில் நம்மூர் மண் அப்பியிருந்தது. உள்ளே கொண்டுபோய் பிரஷ் போட்டுக் கழுவி, துடைத்து, ஒரு பையில் போட்டுக் கொடுத்தார். முகத்தில் ஒரு சுளிப்பு கிடையாது.

"கல்யாணத்தன்னிக்கு மச்சினன் கால் கழுவிவிட்டான். செருப்பைக் கழுவிவிட்டது இந்த ஆளுதான்," என்றார் அப்பா.

தங்கச்சி இங்கே ஒரு மருத்துவமனையில் வேலை பார்க்கிறாள். நாங்கள் வருவது உறுதியானதுமே அவள் பதிவுசெய்து வைத்தது, பரோசா பள்ளத்தாக்கில் ஒருநாள் ஒயின் பண்ணைச் சுற்றுலா. சொட்டுக்கூடத் தொடாத மனுஷனுக்கு எதற்கு இது என்று கேட்டேன். "குடிக்கவா கூட்டிப் போறேன்? திராட்சை பார்க்கத்தானே," என்றாள். அம்மாவுக்கு முழங்கால் வலி, ஊரிலேயே இருந்துவிட்டாள். அவளிடம் போனில் சொன்னபோது அவள் காதில் விழுந்தது ஒரே சொல்தான். "ஒயின் ஷாப்புக்கா? அப்பாவையா?" அவளைக் குறை சொல்லவும் முடியாது. நம்மூர் ஒயின் ஷாப்பில் ஒயினைத் தவிர எல்லாம் கிடைக்கும்.

நாள் 2

தூக்கம் வராமல் விடிந்தது. நகர நடுவில் இருக்கிற சென்ட்ரல் மார்க்கெட்டுக்குப் போனோம். 1869 முதல் நடக்கிற சந்தை. பழக்கடைகளில் அப்பா விலைப்பலகையைப் பார்ப்பார், மனசுக்குள் ரூபாயாக மாற்றுவார், அடுத்த கடைக்கு நகர்வார். ஒரு மணி நேரம் இப்படியே போனது. எதையும் வாங்கவில்லை. போன மாதம் நம் தோட்டத்தில் கிலோ 22 ரூபாய்க்குத்தான் போனது.

சாயங்காலம் முழுக்கத் தூங்கினோம்.

நாள் 3

காலை எட்டரைக்கு வேன் வரும் என்றார்கள். வந்தது ஒன்பதே காலுக்கு. சுற்றுலா நிறுவனத்தின் பெயர் வேண்டாம், ஆனால் ஒன்று சொல்லியாக வேண்டும். குடிக்காதவருக்குக் கட்டணத்தில் குறைப்பு உண்டா என்று தங்கச்சி முன்னமே கேட்டிருந்தாள். பார்க்கலாம் என்றவர்கள் கடைசியில் கிடையாது என்றுவிட்டார்கள். அப்பாவுக்கும் முழுக் காசு. இதன் விளைவை மத்தியானம் நான் அனுபவித்தேன், சொல்கிறேன்.

வேனில் எங்களோடு சேர்த்து ஒன்பது பேர். ஓட்டுநரே கைடும். அறுபது வயதிருக்கும், நல்ல மனிதர். பரோசாவுக்கு ஒரு மணி நேரப் பாதை. இது மார்ச் மாதம், அங்கே பழம் வெட்டுகிற காலம். மொட்டை வெயிலில் புல்லெல்லாம் வைக்கோல் நிறத்தில் கிடக்க, கோடு போட்டதுபோல் கொடி வரிசைகள் மட்டும் பச்சை. அப்பா கண்ணாடியில் நெற்றியை ஒட்டிக்கொண்டார்.

முதலில் அவர் கேட்டது, "பந்தல் எங்கப்பா?"

பந்தல் கிடையாது. நம் பக்கம் கல்தூண் நட்டு, கம்பி பின்னி, கொடியைத் தலைக்கு மேலே படர விடுகிறோம். குலை கீழே தொங்கும். நிழலில் நின்று வேலை செய்யலாம். இங்கே கொடி இடுப்பு உயரம்தான். வேலிபோல் கம்பியில் நிற்கிறது, இல்லாவிட்டால் கம்பியும் இல்லாமல் புதர்போலத் தானாக நிற்கிறது. ஓரிடத்தில் கைடு வண்டியை ஓரங்கட்டி, ஓர் இயந்திரத்தைக் காட்டினார். கொடி வரிசைக்கு இரண்டு பக்கமும் கால் பரப்பி நின்றபடி நகர்ந்து, கொடியை உலுக்கிப் பழத்தை உதிர்க்கிற இயந்திரம். பகல் சூட்டில் பழம் கெடாமலிருக்க ராத்திரியில்தான் அதிகம் ஓடுமாம். அப்பாவுக்கு அது பிடிக்கவில்லை. "குலை குலையா வெட்டாம இப்படி உதுத்தா சந்தையில எவன் வாங்குவான்?" சந்தைக்குப் போகாது, நேராக நசுக்கத்தான் போகிறது என்று விளக்கினேன். அரைமனதாக ஒத்துக்கொண்டார்.

முதல் இடம் தனுண்டா ஊருக்குப் பக்கத்தில் லாங்மெய்ல். 1840களில் பிரஷியா என்ற பழைய ஜெர்மானிய நாட்டிலிருந்து வந்த லூத்தரன் கிறிஸ்தவர்கள் குடியேறிய இடம். அங்கே ராஜா எல்லாச் சபைகளையும் ஒன்றாக்கி, வழிபாடு இப்படித்தான் இருக்க வேண்டும் என்று கட்டாயப்படுத்த, மாட்டோம் என்று கப்பல் ஏறிய கூட்டம். அவர்களில் கிறிஸ்டியன் அவ்ரிக்ட் என்ற கொல்லர் 1843இல் நட்ட சிராஸ் என்ற ஒயின் திராட்சைக் கொடிகள் இன்னும் உயிரோடு நிற்கின்றன. அந்தத் தோட்டத்தின் பெயர் ஃப்ரீடம்.

உயிரோடு என்றால் காட்சிக்கு வைத்த மரமாக இல்லை. குலை தொங்கியது. அடித்தண்டு தொடை கனத்துக்கு முறுக்கி, பிளந்து, நடுவில் பொந்து விழுந்து கிடக்கிறது. மேலே பார்த்தால் இந்த வருடத்துப் பச்சைக் கிளை.

அப்பா வரிசையின் ஓரத்தில் நின்றார். வெகுநேரம் ஒன்றும் பேசவில்லை. அப்புறம், "பென்னிகுவிக் அணை கட்டி முடிச்சது 1895. அதுக்கு அம்பது வருசம் முந்தி நட்டது," என்றார். கம்பம் பள்ளத்தாக்கில் எதையும் முல்லைப் பெரியாற்றுத் தண்ணீர் வந்ததற்கு முன், பின் என்றுதான் அளப்போம். நம் தோட்டத்தில் ஒரு கொடி பதினைந்து, இருபது வருடம் நின்றால் பெரிய விஷயம். வருடத்துக்கு இரண்டு மூன்று தடவை கவாத்து அடித்து, ஒவ்வொரு தடவையும் காய்க்க வைக்கிறோம். கொடிக்கு ஓய்வே கிடையாது. இங்கே குளிர்காலம் முழுக்க இலை உதிர்த்துத் தூங்கிவிட்டு வருடத்துக்கு ஒரே வெட்டு.

"ஏக்கருக்கு எத்தனை டன் வருதுன்னு கேளு."

கேட்டேன். இந்த வயதுக் கொடியில் ஏக்கருக்கு ஒரு டன் வந்தாலே சந்தோஷம் என்றார் கைடு. அப்பா என்னைப் பார்த்தார். நம் பந்தலில் ஒரு வெட்டுக்கு ஏழெட்டு டன் வரும். அந்த ஒரு டன்னில் வடித்த ஒயின் ஒரு பாட்டில் என்ன விலை என்று சொல்லப் பயந்து பேச்சை மாற்றினேன்.

கொடியைத் தொட்டுப் பார்க்க வேண்டும் என்று அவர் ஓர் அடி முன்னால் வைத்ததும் கைடு மெதுவாகக் கையை நீட்டித் தடுத்தார். வேலிக்கம்பியில் ஒரு பலகை, உள்ளே நடக்காதீர்கள் என்று. காரணம் ஃபிலாக்சரா. வேரில் ஒட்டி உறிஞ்சும், கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாத அளவு சின்னப் பூச்சி. அமெரிக்காவிலிருந்து செடியோடு ஐரோப்பாவுக்குப் போய், 1860களிலிருந்து பிரான்ஸின் தோட்டங்களைத் தரைமட்டமாக்கியது. அதற்கு மருந்து கிடைக்கவில்லை. கடைசியில் பூச்சியைத் தாங்குகிற அமெரிக்கக் கொடியின் வேரில் ஐரோப்பியக் கொடியை ஒட்டுக்கட்டித்தான் தப்பித்தார்கள். ஆஸ்திரேலியாவிலும் 1877இல் விக்டோரியா மாநிலத்து ஜீலாங்கில் கண்டுபிடித்தார்கள். ஆனால் பக்கத்திலேயே இருக்கிற தெற்கு ஆஸ்திரேலியாவுக்குள் இன்றுவரை அதை விடவில்லை. அதனால்தான் இங்கே இத்தனை கிழட்டுக் கொடிகள், ஒட்டில்லாமல் சொந்த வேரில் நிற்கின்றன. பூச்சி ஊர்விட்டு ஊர் போவது எப்படி என்று பார்த்தால், செடியில் போகும், வண்டிச் சக்கரத்தில் போகும், செருப்பு மண்ணில் போகும்.

இதை நான் மொழிபெயர்த்து முடிக்கும் முன்பே அப்பா காலைப் பின்னுக்கு இழுத்துவிட்டார். "அதான் செருப்பைக் கழுவுனாங்களா. சரியாத்தான் செஞ்சிருக்காங்க." நூற்புழுவுக்குப் பயந்து டாக்ரிட்ஜ் வேர்ச்செடியில் ஒட்டுக்கட்டுகிற கதையெல்லாம் அவருக்குத் தெரியும். அதற்குப் பிறகு எந்தத் தோட்டத்திலும் பலகையைப் பார்த்ததும் அவரே மற்றவர்களைத் தடுக்க ஆரம்பித்தார், தமிழில். வேனில் வந்த ஒரு ஜோடி செல்ஃபி எடுக்க உள்ளே போகப் பார்த்தபோது, "ஏ, ஏ, போகாத, வெளிய வா," என்று ஓர் அதட்டல் போட்டார். அது அவர்களுக்குப் புரிந்தது.

பரோசாவில் கொடிகளுக்கு வயதை வைத்துப் பட்டம் உண்டு. 35 தாண்டினால் பழைய கொடி. 70 தாண்டினால் தப்பிப் பிழைத்தது. 100க்கு மேல் சதம் கண்டது. 125க்கு மேல் மூதாதை. "அப்ப நான் தப்பிப் பிழைச்ச கணக்கு," என்றார் 71 வயது அப்பா.

உள்ளே சுவைக்கும் மேஜையில் ஒரு தட்டில் சிராஸ் பழம் வைத்திருந்தார்கள். சுண்டைக்காய் பெரிசு, தடித்த தோல், உள்ளே பாதி கொட்டை. ஆனால் இனிப்பு நம் பழத்தைத் தூக்கிச் சாப்பிட்டுவிடும். அந்தச் சர்க்கரைதான் புளிக்கும்போது சாராயமாக மாறுகிறது என்பதால் சந்தைப் பழத்தைவிட வெகுநாள் கொடியிலேயே விடுகிறார்கள். மேஜைக்குப் பின்னால் நின்ற பெண் அப்பா விவசாயி என்று தெரிந்ததும் என்ன ரகம் என்று கேட்டாள். பன்னீர் என்றால் தெரியாது, மஸ்கட் ஹாம்பர்க் என்றதும் தெரிந்தது. 1832இல் ஒரு பிரெஞ்சுப் பாதிரியார் நம் பக்கம் கொண்டுவந்தார் என்பார்கள். 2023இல் கம்பம் பன்னீர் திராட்சைக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. அதில் ஒயின் செய்வீர்களா என்றாள். சாப்பிடுவோம், ஜூஸ் போடுவோம் என்றேன்.

இனி குடியைப் பற்றி. ஒவ்வொருவர் முன்னும் கண்ணாடிக் குவளை, அதில் ஒரு வாய் ஒயின். ஆட்டி, முகர்ந்து, வாயில் சுழற்றி, வேண்டுமானால் பக்கத்திலுள்ள வாளியில் துப்பலாம். அப்பாவுக்கும் ஊற்றினார்கள், காசு கட்டியாகிவிட்டதே. அவர் தன் குவளையை முகர்ந்துவிட்டு என் பக்கம் தள்ளினார். கட்டிய காசு வீணாகக் கூடாது என்பது அவர் கொடுத்த வளர்ப்பு. இரண்டு பேர் பங்கையும் நானே குடித்தேன். துப்பவுமில்லை. இங்கே ஐந்து, அடுத்த இடத்தில் ஐந்து, இரட்டிப்பாகக் கணக்குப் போடுங்கள். காலையில் சாப்பிட்டது இரண்டு பிரெட் துண்டு.

இரண்டாவது இடத்தில் எனக்கு லேசாகத் தரை சாய்ந்தது. அங்கே ஊற்றியவர் கபர்னே என்ற திராட்சை ரகம் பற்றிப் பேசும்போது 'போர்டோ' என்றார். சும்மா நின்ற அப்பா திரும்பினார்.

"போர்டோவா? மயில்துத்தமும் சுண்ணாம்புமா?"

திராட்சைக்காரர் யாருக்கும் போர்டோ கலவை தெரியாமலிருக்காது. நாற்பது வருடமாகக் கரைத்துக் கரைத்து அப்பாவின் சட்டைகளெல்லாம் நீலப்பொட்டு. அது பிரான்ஸில் ஓர் ஊரின் பெயர் என்று அவருக்கு அதுவரை தெரியாது, உண்மையைச் சொன்னால் எனக்கும்தான். கைடுக்குத் தெரிந்திருந்தது. போர்டோ பக்கத்துத் தோட்டக்காரர்கள், வழிப்போக்கர்கள் பழத்தைப் பறிக்காமலிருக்கச் சாலையோரக் கொடிகளில் மயில்துத்தமும் சுண்ணாம்பும் கலந்து தெளித்து வைப்பார்களாம், பார்க்க விஷம் மாதிரி இருக்கட்டும் என்று. 1880களில் மில்லார்டே என்ற தாவரவியல் பேராசிரியர் கவனித்தது, நோய் வந்து எல்லாக் கொடியும் இலை கொட்டி நிற்க, சாலையோரக் கொடி மட்டும் பச்சையாக இருக்கிறது. அதிலிருந்து பிறந்த மருந்து. அப்பா குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். "திருடனுக்கு வச்ச மருந்தா!"

மத்தியானச் சாப்பாடு பலகை நிறைய வந்தது. மெட்வர்ஸ்ட் என்கிற ஜெர்மானியத் தொத்திறைச்சி, சீஸ், ரொட்டி, அப்புறம் சோயிக்கீரை போட்டு ஊறிய வெள்ளரிக்காய். அப்பா இறைச்சியை விட்டுவிட்டு வெள்ளரிக்காயை ஒரு கை பார்த்தார். நான் ரொட்டியாகத் தின்று தெளிந்தேன்.

அடுத்து பீட்டர் லேமன் ஆலை. இதுதான் அன்றைக்கு அப்பாவின் மனதில் தங்கிய இடம். கட்டடத்தில் ஒன்றும் விசேஷமில்லை, கதைதான். 1970களின் கடைசியில் பழம் அளவுக்கு மீறி விளைந்தது. லேமன் அப்போது வேறொரு ஆலையில் ஒயின் செய்பவர். அந்த வருடம் குடியானவர்களிடம் பழம் வாங்காதே என்று மேலிடம் சொல்லிவிட்டது. அவரோ வாங்குகிறேன் என்று கைகுலுக்கி வாக்குக் கொடுத்திருந்தார், வாயால் சொன்னதோடு சரி, பத்திரமில்லை. வாக்கைக் காப்பாற்றக் கடன் வாங்கி, ஆள் சேர்த்து, தனியாகவே ஆலை தொடங்கிப் பழத்தை எடுத்துக்கொண்டார். வெட்டுக்காலம் முழுக்க எடைமேடையில் உட்கார்ந்து, வண்டியோடு வருகிறவர்களுக்குச் சாப்பாடு கொடுத்துப் பேசி அனுப்புவாராம். 2013இல் காலமானார்.

அதற்குச் சில வருடம் கழித்து, 1980களின் நடுவில், பழைய கொடியைப் பிடுங்கி எறிந்தால் பணம் என்று அரசே திட்டம் போட்டது. நிறையப் பேர் பிடுங்கினார்கள். பிடுங்காதவர்களுடைய கொடிக்குத்தான் இன்று மூதாதை என்று பட்டம்.

அப்பா கேட்டுக்கொண்டே வந்தார். 2011இல் எங்கள் கீழத்தோட்டத்தில் வியாபாரி முன்பணம் கொடுத்துவிட்டு, விலை விழுந்ததும் வெட்ட வரவேயில்லை. குலை பந்தலிலேயே அழுகியது. குளவி மொய்க்கிற அந்த வாடை எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. அடுத்த மாதம் அந்த ஒரு ஏக்கரை அப்பா வேரோடு பிடுங்கினார். இப்போது அங்கே தென்னை. வேனில் ஏறும்போது அவர் கேட்டது ஒன்றுதான், "அந்த எடைமேடை எங்க இருக்கு?" கைடு காட்டினார். வண்டி நிறுத்துகிற சாதாரண எடைமேடை. அதை மட்டும் போனில் படம் எடுத்துக்கொண்டார்.

கடைசி இடம் செப்பல்ட்ஸ்ஃபீல்ட். சாலையின் இருபுறமும் ஈச்சமரம், ஆயிரக்கணக்கில். 1930களின் பொருளாதார மந்தகாலத்தில் வேலையாட்களை வீட்டுக்கு அனுப்பாமலிருக்க மரம் நடும் வேலை கொடுத்தார்களாம். 1878இல் பென்னோ செப்பல்ட் ஒரு பீப்பாயில் இனிப்பு ஒயினை நிரப்பி, நூறு வருடத்துக்கு யாரும் தொடக்கூடாது என்றுவிட்டார். தொடவில்லை. அதன் பிறகு ஒவ்வொரு வருடமும் ஒரு பீப்பாய். 1978இல்தான் முதலாவதைத் திறந்தார்கள். இப்போது நாம் பிறந்த வருடத்துப் பீப்பாயிலிருந்தே கொஞ்சம் எடுத்துத் தருகிறார்கள். தங்கச்சி அப்பாவுக்கு இதைத்தான் ரகசியமாகப் பதிவுசெய்திருந்தாள். பாஸ்போர்ட்படி 1954.

உள்ளே போனால் வாசனை ஆளை அடிக்கிறது. வரிசையாகப் பீப்பாய்கள், ஒவ்வொன்றிலும் சுண்ணாம்புக்கட்டியால் எழுதியதுபோல் ஆண்டு. அப்பா 1954க்கு முன்னால் நின்றார். பிறகு மெதுவாக நகர்ந்து 1956, 1957 பக்கம் போனார்.

"அது வாத்தியார் போட்ட வருசம்ப்பா. வைகை அணை திறந்தப்போ என்னை இடுப்புல வச்சுத் தூக்கிட்டுப் போனதா உங்க அப்பத்தா சொல்லுவா. அஞ்சு வயசுப் பயல யாரு இடுப்புல வைப்பா?"

வைகை அணை திறந்தது 1959. கணக்கு அவர் பக்கம்தான் நியாயம். பள்ளியில் சேர்க்கும்போது காது தொடுகிறதா என்று பார்த்து, ஜூன் 1 என்று எழுதிய தலைமுறை அவர். காலையில் தப்பிப் பிழைத்த கொடிப் பட்டியலில் சேர்ந்ததும் இதனால் செல்லாமல் போனது. கைடிடம் சொன்னால் வேறு பீப்பாயைத் திறப்பார்களா என்று அப்பா கேட்டார். நான் சொல்லவில்லை.

குவளையில் ஊற்றியது தேன்போல இறங்கியது. பீப்பாயில் வருடக்கணக்கில் ஆவியாகிச் சுண்டிய கெட்டி. அப்பா கையில் வாங்கி, கண்ணை மூடி முகர்ந்தார். "கருப்பட்டிப் பாகு. அடுப்புல இருந்து இறக்குற நேரத்துல வர்ற வாசம்." இன்னொரு தடவை முகர்ந்தார். என்னிடம் கொடுத்துவிட்டார். குடித்தேன். உலர்ந்த திராட்சையும் பாகும் ஆரஞ்சுத் தோலும் கலந்ததுபோல், ராத்திரி வரை நாக்கில் நின்றது. அன்று குடித்ததில் இதை மட்டும் சொல்ல முடியும், மற்றதெல்லாம் சிவப்பு.

திரும்பும்போது வேனில் எல்லோரும் தூங்கிவிட்டார்கள், அப்பாவையும் ஓட்டுநரையும் தவிர.

நாள் 4

தலைவலி. எழுந்தபோது மணி பதினொன்று. அப்பாவைக் காணவில்லை.

பக்கத்து வீட்டில் எண்பது வயது இத்தாலியப் பாட்டி தனியாக இருக்கிறார். இந்த ஊரில் அப்படி நிறையப் பேர், இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு வந்தவர்கள். பின்கட்டில் இரும்புக் குழாய் நட்டுக் கம்பி கட்டித் திராட்சை படர விட்டிருக்கிறார். அதாவது, பந்தல். காலையில் வேலிக்கு மேலே அது அப்பாவின் கண்ணில் பட்டிருக்கிறது.

நான் எட்டிப் பார்த்தபோது இருவரும் பந்தலுக்கடியில் நின்றார்கள். பாட்டி இத்தாலியனும் ஆங்கிலமும் கலந்து பேச, அப்பா தமிழில் பதில் சொல்லிக்கொண்டிருந்தார். காலில் செருப்பில்லை. வாசலிலேயே கழற்றி வைத்துவிட்டு வெறுங்காலோடு போயிருக்கிறார். கைகள் மேலே, குலையை மறைத்த இலைகளை ஒவ்வொன்றாகக் கிள்ளிக்கொண்டிருந்தன.

ஒரு கறுப்புப் பழத்தைப் பிய்த்து வேலிக்கு மேலாக என்னிடம் நீட்டினார். "பன்னீர் இல்ல. ஆனா பங்காளி வீடு."

தின்று பார்த்தேன். வாசனை கொஞ்சம் ஒத்துத்தான் வந்தது.

"கம்பியெல்லாம் தொய்ஞ்சு கிடக்குப்பா. அந்தம்மாகிட்ட இறுக்குறதுக்குக் கருவி இருக்கான்னு கேளு. இல்லேன்னா பாப்பாகிட்ட சொல்லி ஒரு குறடு மட்டும் வாங்கிட்டு வா."